எல்லைக் கற்கள் வழியே ஐந்து நாள்

முதல் நாள்: பார்லே (8 அக்டோபர் 2024, செவ்வாய்)

அந்த வீட்டுக்கு வாசல் ஒன்றுதான். கதவெண் மட்டும் இரண்டு. ஒன்று பெல்ஜியம் கொடுத்தது, இன்னொன்று நெதர்லாந்து கொடுத்தது. இரண்டு நாடுகளின் எல்லை அந்தக் கதவின் நடுவாகவே போகிறது.

“சித்தி, ஒரு கால் பெல்ஜியத்துல, ஒரு கால் ஹாலந்துல வச்சு நில்லுங்க, போட்டோ எடுக்கறேன்” என்றான் அக்கா மகன். நின்றேன். கடலூரில் முப்பத்தொரு வருடம் சமூக அறிவியல் நடத்தியவள் நான். சர்வதேச எல்லையை எப்படி வரைய வேண்டும் என்று எத்தனையோ பிள்ளைகளின் கையைப் பிடித்துக் காட்டியிருக்கிறேன். அந்தக் கோடு இங்கே நடைபாதையில் வெள்ளைச் சிலுவைகளாகப் பதிந்து கிடக்கிறது. ஒரு பக்கம் ‘பி’, மறுபக்கம் ‘என்.எல்.’ என்ற எழுத்துகள். பக்கத்திலேயே ஒரு அம்மா குழந்தையைத் தள்ளுவண்டியில் வைத்து, அந்தச் சிலுவைகளின் மேலேயே உருட்டிக்கொண்டு போனார்.

இந்த மே மாதம் ஓய்வு பெற்றேன். நெதர்லாந்தின் ஐந்தோவன் நகரத்தில் வேலை செய்யும் அக்கா மகன் “ஒரு மாசம் வந்து இருங்க” என்று அழைத்தான். ஆம்ஸ்டர்டாம் கால்வாய், காற்றாலை எல்லாம் பார்த்தாயிற்று. இனி எனக்கென்று ஐந்து நாள் வேண்டும், எல்லைகளைப் பார்க்க வேண்டும் என்று கேட்டேன். முதல் இரண்டு நாள் அவன் கூட வருகிறான். பிறகு தனியாகத்தான். ஒவ்வொரு நாள் இரவும் இங்கே எழுதப் போகிறேன்.

ஐந்தோவனிலிருந்து டில்பர்குக்கு ரயில். அங்கிருந்து பஸ்ஸில் ஒரு மணி நேரத்துக்குள் பார்லே வந்துவிடுகிறது. ஊர் ஒன்று, நகராட்சி இரண்டு: நெதர்லாந்தின் பார்லே-நசாவ், பெல்ஜியத்தின் பார்லே-ஹெர்டொக். பெல்ஜியம் எல்லை தெற்கே சில கிலோமீட்டர் தள்ளித்தான் இருக்கிறது. ஆனாலும் நெதர்லாந்து மண்ணுக்குள் 22 பெல்ஜியத் துண்டுகள் தீவுபோல் சிதறிக் கிடக்கின்றன. அந்தப் பெல்ஜியத் துண்டுகளுக்கு உள்ளே மறுபடியும் 7 நெதர்லாந்துத் துண்டுகள். ஒரு நெதர்லாந்துத் துண்டு பெல்ஜியத்தின் பெருநிலத்துக்குள். மொத்தம் 30. சில துண்டுகள் வெறும் வயல், கால்பந்து மைதானத்தைவிடச் சிறியவை.

ஏன் இப்படி? விடை 1198-இல் இருக்கிறது. பிரேடாவின் பிரபு கோட்ஃப்ரீட், பிரபாண்ட் வட்டாரத்தை ஆண்ட கோமகன் (டியூக்) முதலாம் ஹென்றியின் பாதுகாப்பை நாடினார். தன் நிலத்தைக் கோமகனிடம் ஒப்படைத்து, மானியமாகத் திரும்பப் பெற்றார். கூடவே கொஞ்சம் புது நிலமும் கிடைத்தது. ஆனால் குடியானவர்கள் வீடுகட்டி, உழுது, ஏற்கெனவே தனக்கு வரி கட்டிக்கொண்டிருந்த மனைகளைக் கோமகன் கொடுக்கவில்லை. தரிசும் புதரும் பிரபுவுக்கு, விளைகிற மனை கோமகனுக்கு. ஹெர்டொக் என்றால் கோமகன். பிரேடா பின்னாளில் நசாவ் குடும்பத்துக்குப் போனதால் மற்ற பாதி நசாவ் ஆயிற்று. ஆக, இன்றைய சர்வதேச எல்லை 826 வருடத்துக்கு முந்தைய வரிக்கணக்கு. நம் ஊர் கிராம நிலக்கணக்கான ‘அ’ பதிவேட்டைக் கொண்டுபோய் ஐக்கிய நாடுகள் சபையில் வைத்ததுபோல.

அப்போது அது ஒரே பிரபாண்டுக்குள் இரண்டு முதலாளிகள் என்ற அளவில்தான் இருந்தது. 1648-இல் ஸ்பெயினிடமிருந்து நெதர்லாந்து பிரிந்தபோது பிரபாண்டே இரண்டாக உடைந்தது. 1830-இல் பெல்ஜியம் தனி நாடானது. 1843-இல் எல்லையை எழுதி முடிக்க உட்கார்ந்த அதிகாரிகளால் பார்லேயில் மட்டும் கோடு போட முடியவில்லை. ஒவ்வொரு மனையும் எந்த நாட்டுடையது என்று 5,732 மனைகளைத் தனித்தனியாகப் பட்டியலிட்டுவிட்டுப் போனார்கள். கடைசித் துண்டு நிலத்தின் விவகாரம் தீர்ந்தது 1995-இல்தான்.

எல்லை ஒரு வீட்டைக் குறுக்கே வெட்டினால், முன்கதவு எந்த நாட்டில் திறக்கிறதோ அந்த வீடு அந்த நாட்டுக்குச் சேரும். இது இங்கே பழகிப்போன விதி. வரியோ கட்டட அனுமதியோ மறுபக்கம் சாதகமாக இருந்தால் கதவை இடம் மாற்றிக்கொண்டவர்கள் உண்டு. 2020 மார்ச்சில் கொரோனாவுக்காகப் பெல்ஜியம் கடைகளை மூடச் சொன்னது, நெதர்லாந்து சொல்லவில்லை. எல்லை நடுவே ஓடும் ஒரு துணிக்கடையில் பாதிக்கு நாடா கட்டி மூடிவிட்டு, மீதிப் பாதியில் வியாபாரம் நடந்தது.

நான் நெடுநேரம் யோசித்தது முதல் உலகப் போரைப் பற்றி. 1914-இல் ஜெர்மனி பெல்ஜியத்தை ஏறக்குறைய முழுவதும் பிடித்தது. பார்லே-ஹெர்டொக்கை மட்டும் தொட முடியவில்லை. அங்கே போக நடுநிலை நாடான நெதர்லாந்தின் மண்ணை மிதிக்க வேண்டும். 1915-இல் பெல்ஜியத்துக்காரர்கள் இந்தச் சின்ன ஊரில் ரகசியமாக ஒரு வானொலி நிலையத்தை நிறுவினார்கள். அதே வருடம் ஜெர்மானியர்கள் பெல்ஜியம்–நெதர்லாந்து எல்லை நெடுகிலும் 2,000 வோல்ட் பாயும் கம்பி வேலி போட்டார்கள். மின்சாரம் என்றால் என்னவென்றே பழகாத கிராமத்து மக்கள் அதில் கருகிச் செத்தார்கள். கோமகன் விட்டுக்கொடுக்காத அந்த மனைகளில் இருந்தவர்கள் மட்டும் பெல்ஜியத்திலேயே இருந்துகொண்டு வேலிக்கு வெளியே இருந்தார்கள்.

இதைவிடச் சிக்கலான ஊர்கள் நம் தேசத்தில் இருந்தன. மேற்கு வங்கத்தின் கூச்பிகார் பக்கம் வங்கதேசத்துக்குள் 111 இந்தியத் துண்டுகள், இந்தியாவுக்குள் 51 வங்கதேசத் துண்டுகள். தஹாலா காக்ராபாரி என்ற வயல், வங்கதேசத்துக்குள் இந்தியா, அதற்குள் வங்கதேசம், அதற்குள் மறுபடி இந்தியா. உலகத்திலேயே அப்படி அது ஒன்றுதான் இருந்தது. பார்லேயில் எல்லை சுற்றுலாக் காட்சியாகிவிட்டது. அங்கேயோ ஐம்பதாயிரத்துக்கும் அதிகமான மனிதர்கள் பள்ளிக்கூடம், மின்சாரம், ஓட்டுரிமை எதுவும் சரியாகக் கிடைக்காமல் எழுபது வருடம் நெருங்கக் கிடந்தார்கள். 2015 ஜூலை 31 நள்ளிரவில்தான் இரு நாடுகளும் துண்டுகளை மாற்றிக்கொண்டன. அன்று இரவு தொலைக்காட்சியில் மெழுகுவத்தி ஏற்றியதைப் பார்த்தேன். மறுநாள் வகுப்பில் பாடத்தை ஒதுக்கிவைத்துவிட்டு அதைத்தான் பேசினேன்.

கடலூர்க்காரிக்கு இது புத்தக விஷயம் மட்டும் இல்லை. புதுச்சேரிக்குப் பஸ் ஏறினால் ஆல்பேட்டை சோதனைச் சாவடி வரும். புதுச்சேரிப் பகுதியும் ஒரே துண்டு நிலம் அல்ல. பதினெட்டாம் நூற்றாண்டுச் சண்டைகளில் நவாபுகளிடமிருந்து பிரெஞ்சுக்காரர்களுக்குக் கிடைத்த கிராமங்கள் தமிழ்நாட்டு வயல்களுக்கு நடுவே சிதறிக் கிடக்கின்றன. பெட்ரோலுக்கும் பாட்டிலுக்கும் விலை மாறுவதை வைத்துத்தான் எங்கள் ஊர்ப் பையன்கள் எல்லையைத் தெரிந்துகொள்வார்கள். பார்லேயில் அந்த இடத்தைப் பட்டாசு பிடித்திருக்கிறது. பெல்ஜியப் பக்கத்துக் கடைகளில் வருடம் முழுக்கப் பட்டாசு. வாங்க வருகிறவர்கள் நெதர்லாந்துக்காரர்கள்.

இரண்டாம் நாள்: வால்ஸ், கெல்மிஸ் (9 அக்டோபர், புதன்)

மாஸ்ட்ரிக்ட் வரை ரயில், பிறகு பஸ், பிறகு ஏற்றம். வால்ஸ் ஊரிலிருந்து காட்டு வழியே மேலே நடந்தோம். இந்தக் குன்றின் உயரம் 322 மீட்டர். ஐரோப்பாவில் நெதர்லாந்துக்கு இருக்கும் மிக உயரமான இடம் இதுதான். ‘நெதர்லாந்தின் மிக உயரமான இடம்’ என்று சும்மா சொன்னால் தப்பு. 2010 அக்டோபர் 10 முதல் கரீபியன் கடலில் உள்ள சாபா தீவு நெதர்லாந்தின் நேரடிப் பகுதி. அங்கே உள்ள எரிமலை எண்ணூறு மீட்டருக்கு மேல். நெதர்லாந்து ராஜ்ஜியத்துக்குப் பிரான்சோடு எல்லை உண்டா என்று கேட்டாலும் உண்டு என்பதே விடை. அதுவும் கரீபியனில்தான். செயின்ட் மார்ட்டின் தீவின் வடக்கு பிரான்சுக்கு, தெற்கு நெதர்லாந்து ராஜ்ஜியத்துக்கு. 1648 முதல் இந்தப் பிரிவினை இருக்கிறது.

உச்சியில் ஒரு குட்டையான தூண். நெதர்லாந்து, பெல்ஜியம், ஜெர்மனி மூன்றும் சேரும் புள்ளி. அதைச் சுற்றிச் சுற்றி ஓடி மூன்று நாட்டுக்கும் போய்வந்து சிரித்துக்கொண்டிருந்தார்கள் பள்ளிப் பிள்ளைகள். வந்த வழியில் ஒரு தெருப் பெயரைப் பார்த்தேன்: வியர்க்ரென்சன்வெக். நான்கு எல்லைகளின் சாலை. மூன்று நாடுதானே, நான்காவது எங்கே?

அந்த நான்காவதைத் தேடித்தான் வந்திருக்கிறேன். அதன் பெயர் நடுநிலை மோரஸ்நே.

நெப்போலியன் தோற்ற பிறகு 1815-இல் வியன்னாவில் ஐரோப்பாவைப் பங்குபோட்டார்கள். இந்த இடத்தில் ஜெர்மன் அரசான பிரஷ்யாவும் நெதர்லாந்தும் முட்டிக்கொண்டன. காரணம் கெல்மிஸ் என்ற குக்கிராமத்தில் இருந்த துத்தநாகச் சுரங்கம். செம்போடு துத்தநாகக் கனிமத்தைச் சேர்த்துச் சூடாக்கினால் பித்தளை. ஐரோப்பாவில் அதுவரை துத்தநாகத்தைத் தனியாகப் பிரிப்பது பெரிய வித்தை. மற்ற உலோகத்தைப்போல உருகி வழியாது, 907 டிகிரியில் ஆவியாகி ஓடிவிடும். ஆவியைப் பிடித்துக் குளிரவைக்கத் தெரிய வேண்டும். ராஜஸ்தானின் ஜாவரில் நம்மவர்கள் மண்குடுவையைத் தலைகீழாகக் கவிழ்த்து, ஆவியைக் கீழே இறக்கிப் பிடிக்கும் முறையைப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே பெரிய அளவில் செய்துவந்தார்கள். பத்தாம் வகுப்பில் இதைச் சொல்லும்போதெல்லாம் எனக்குக் குரல் உயரும். இங்கே நெப்போலியன் காலத்தில் லியேஜ் நகரத்து டேனியல் டோனி ஒரு முறையைக் கண்டுபிடித்துக் காப்புரிமை வாங்கினார். பேரரசருக்குத் துத்தநாகத்தில் குளியல் தொட்டி செய்து பரிசளித்தார். கடைசியில் கடனாளியாகிச் சொத்தை இழந்தார். பாரிஸ் நகரத்தின் சாம்பல் நிறக் கூரைகளைப் படங்களில் பார்த்திருப்பீர்கள். அந்தத் துத்தநாகத் தகடுகளை உலகத்துக்கு விற்ற வியே மோந்தாங் நிறுவனம் வளர்ந்தது இந்தச் சுரங்கத்தில்தான்.

சரி, சண்டைக்கு வருவோம். இருவரும் விட்டுக்கொடுக்கவில்லை. 1816 ஜூன் 26 அன்று ஆகன் நகரத்தில் ஒப்பந்தம் எழுதினார்கள். சுரங்கம் உள்ள பகுதி யாருக்கும் இல்லை, இருவரும் சேர்ந்து நிர்வகிப்பது என்று முடிவு. தெற்கே லியேஜ்–ஆகன் நெடுஞ்சாலை அடிக்கோடு. அதன் இரு முனையிலிருந்தும் இந்தக் குன்றின் உச்சிக்கு இரண்டு நேர்கோடு. ஆப்பு வடிவத்தில், சுமார் மூன்றரைச் சதுர கிலோமீட்டரில் ஒரு ‘நாடு’. தற்காலிகம் என்றுதான் எழுதினார்கள். அது நூறு வருடத்துக்கு மேல் நீடித்தது.

இறங்கும் வழி முழுக்க அந்தப் பழைய எல்லையின் கற்களைத் தேடிக்கொண்டே நடந்தோம். அறுபது நட்டார்கள், பெரும்பாலானவை இன்னும் இருக்கின்றன. பாசி படிந்த ஒரு கல்லைத் தொட்டுக்கொண்டு கொஞ்ச நேரம் அப்படியே நின்றேன். அக்கா மகன் ஒன்றும் கேட்காமல் காத்திருந்தான்.

ஆரம்பத்தில் அந்த நிலத்தில் 256 பேர் இருந்தார்கள். 1914-இல் 4,600-க்கும் மேல். ஏன் வந்தார்கள்? வரி குறைவு, சாமான் விலை மலிவு, வேலை நிச்சயம். ரொம்ப காலத்துக்குப் பட்டாளத்துக்குப் பிடித்துக்கொண்டு போகவும் ஆளில்லை. சொந்த நீதிமன்றம் கிடையாது. பிரான்சும் பல தடவை மாறிவிட்டது, ஆனால் இங்கே நெப்போலியன் காலத்துச் சட்டத் தொகுப்பே கடைசிவரை ஓடியது. 1885-இல் சுரங்கம் வற்றியது. ஊர் எதை நம்பி நிற்பது? தபால்தலை வெளியிட்டுப் பார்த்தார்கள், தடுத்துவிட்டார்கள். சூதாட்ட விடுதி திறந்தார்கள், அதுவும் நிலைக்கவில்லை. 1908-இல் ஊர் மருத்துவர் வில்ஹெல்ம் மோலியும் நண்பர்களும் எடுத்த முயற்சிதான் என்னை இங்கே இழுத்துவந்தது. எந்தத் தேசத்துக்கும் சொந்தமில்லாத எஸ்பராண்டோ மொழியைப் பேசும் முதல் நாடாக இதை ஆக்கப் பார்த்தார்கள். பெயரும் வைத்தார்கள்: அமிகேயோ, நட்பின் இடம். கொடி இருந்தது, பாட்டு இருந்தது. ஆறே வருடத்தில் போர் வந்தது. ஜெர்மனி இந்த நிலத்தைத் தன்னோடு சேர்த்துக்கொண்டது. வெர்சாய் உடன்படிக்கை பெல்ஜியத்துக்கு எழுதிக்கொடுக்க, 1920-இல் அந்த நான்காவது எல்லை மறைந்தது.

கெல்மிஸ் இன்று பெல்ஜியம். ஆனால் பேக்கரியில், பஸ் நிறுத்தத்தில் காதில் விழுவது ஜெர்மன். பெல்ஜியத்துக்கு டச்சு, பிரெஞ்சோடு ஜெர்மனும் ஆட்சிமொழி. ஒன்பது நகராட்சிகளில் அதுதான் பேச்சு. பழைய சுரங்க மேட்டில் துத்தநாகம் கலந்த மண்ணில் மட்டும் வளரும் ஒரு மஞ்சள் வயலட் பூ உண்டு. மற்ற செடிக்கு விஷமான மண் அதற்கு வீடு. அக்டோபர் ஆகிவிட்டதால் எதிர்பார்க்கவில்லை. ஆனாலும் நாலைந்து பூக்கள் மிச்சம் இருந்தன. பறிக்கவில்லை.

மூன்றாம் நாள்: ரோட்கன் (10 அக்டோபர், வியாழன்)

அக்கா மகன் காலை ரயிலில் வேலைக்குத் திரும்பிவிட்டான். “போன்ல சார்ஜ் பாத்துக்குங்க சித்தி” என்று மூன்று தடவை சொன்னான்.

ஆகனிலிருந்து பஸ்ஸில் ரோட்கன். ஜெர்மன் ஊர். 1944 செப்டம்பர் 12 அன்று அமெரிக்கப் படை முதலில் பிடித்த ஜெர்மன் ஊர் என்று வரலாற்றில் பெயர். நான் வந்தது ஊரின் ஓரமாகப் போகும் ஒரு சைக்கிள் பாதைக்காக.

இது வென்பான் என்ற பழைய ரயில்பாதை. 1880-களில் பிரஷ்யா போட்டது. ஆகன் பக்கத்து நிலக்கரியைத் தெற்கே கொண்டுபோகவும், லக்சம்பர்க் பக்கத்து இரும்புத்தாதுவை வடக்கே கொண்டுவரவும். முதல் போருக்குப் பின் ஜெர்மனியின் ஆய்பன், மால்மெடி வட்டாரங்கள் பெல்ஜியத்துக்குப் போயின. ரயில்பாதையோ இரண்டு நாட்டுக்குள்ளும் மாறிமாறிப் புகுந்து வளைந்தது. பாதை முழுக்கத் தனக்கே வேண்டும் என்றது பெல்ஜியம், கிடைத்தது. தண்டவாளமும் நிலையமும் அடியில் உள்ள மண்ணும் பெல்ஜியம். இரு பக்கமும் ஜெர்மனி. சில மீட்டர் அகலத்தில், நாடா மாதிரி ஒரு தேசம். அந்த நாடாவுக்கு மேற்கே மாட்டிக்கொண்ட ஜெர்மன் நிலங்கள் துண்டுகளாகின. இன்றும் அப்படி ஐந்து துண்டுகள். அவற்றில் ரூக்‌ஷ்லாக் என்பது ஒரு வீடும் தோட்டமும்தான்.

ரயில் நின்றுபோனது, தண்டவாளத்தையும் பெயர்த்துவிட்டார்கள். மண் இன்னும் பெல்ஜியத்துடையதே. இப்போது அது ஆகனிலிருந்து லக்சம்பர்கின் த்ருவாவியெர்ஜ் வரை 125 கிலோமீட்டர் சைக்கிள் பாதை. நீராவி ரயில் ஏற வேண்டும் என்பதற்காக மெதுவான ஏற்றமாகப் போட்டது வயதானவர்களுக்கு வசதியாகிவிட்டது. இரண்டு மணி நேரம் நடந்தேன். இடப்பக்கம் ஒரு ஜெர்மன் வீட்டின் கொல்லை, வலப்பக்கம் இன்னொரு ஜெர்மன் வீட்டின் கொல்லை, நடுவில் நான் பெல்ஜியத்தில்.

இந்த அமைதியான காடு ஒரு காலத்தில் துப்பாக்கிச் சத்தம் கேட்ட காடு. இரண்டாம் போருக்குப் பின் ஜெர்மனியில் காபிக்குக் கடுமையான வரி, பெல்ஜியத்தில் மலிவு. ஆகன் வட்டாரத்து மக்கள் இரவில் மூட்டை சுமந்தார்கள். பசித்த வீடுகளின் குழந்தைகளும் கூட்டம் கூட்டமாக எல்லை தாண்டி ஓடின. சுங்கக்காரர்கள் சுட்டதில் உயிர்ச்சேதமும் உண்டு. ஷ்மிட் என்ற கிராமத்தின் தேவாலயம் போரில் இடிந்திருந்தது. கடத்தல் காசு அதன் கட்டுமானத்துக்கும் போனதால் மக்கள் இன்றும் அதைக் காபியின் பெயரால் ‘புனித மோக்கா’ என்கிறார்கள். 1953-இல் வரியைக் குறைத்தார்கள். கடத்தல் அத்தோடு படுத்துவிட்டது. குழந்தைகளை நோக்கிச் சுட்ட வருடங்களில் இந்த ஒரு வரிக்குறைப்பு யாருக்கும் தோன்றாமல் போயிற்றே என்று இதை எழுதும்போதும் மனசு ஆறவில்லை.

நான்காம் நாள்: லக்சம்பர்க் (11 அக்டோபர், வெள்ளி)

ஆகனிலிருந்து லியேஜ், அங்கிருந்து மலைக்காடுகள் வழியாகத் தெற்கே ரயில். எல்லைவரைக்கும் டிக்கெட் எடுத்தால் போதும். அதற்கப்புறம் இரண்டாம் வகுப்பு இலவசம். 2020 பிப்ரவரி 29 முதல் லக்சம்பர்கில் ரயில், டிராம், பஸ் எதற்கும் காசு இல்லை. நாடு முழுவதும் இப்படிச் செய்த முதல் நாடு இது.

எல்லை தாண்டியதும் முதல் நிலையம், நேற்று நடந்த பாதையின் மறுமுனையான த்ருவாவியெர்ஜ். 1914 ஆகஸ்ட் 1 மாலை ஜெர்மன் வீரர்கள் இந்த நிலையத்துக்குள் புகுந்து தண்டவாளத்தையும் தந்தியையும் பிடித்தார்கள். கொஞ்ச நேரத்தில் இன்னொரு வண்டி வந்து, தவறுதலாக வந்துவிட்டீர்கள் என்று அவர்களைத் திரும்ப அழைத்துப்போனது. மறுநாள் காலை நிஜமான படையெடுப்பு. ரயில் அங்கே இரண்டு நிமிடம் நின்றது. ஒரு பையன் சைக்கிளோடு இறங்கினான்.

நகரத்தைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். 963-இல் சீக்ஃப்ரீட் என்ற பிரபு பெற்ற பாறைக்கோட்டையிலிருந்து வளர்ந்த ஊர். ஸ்பானியர், பிரெஞ்சுக்காரர், ஆஸ்திரியர், பிரஷ்யர் என்று வந்தவர்கள் எல்லாரும் கோட்டையைப் பெரிதாக்கினார்கள். பாறைக்குள் கிலோமீட்டர் கணக்கில் சுரங்கவழி. 1867-இல் பிரான்சும் பிரஷ்யாவும் இந்தக் கோட்டைக்காகப் போர்வரைக்கும் போக, லண்டனில் கூடி லக்சம்பர்க் நடுநிலை நாடு, கோட்டையை இடிக்க வேண்டும் என்று தீர்மானித்தார்கள். இடித்து முடிக்கவே பதினாறு வருடம் ஆயிற்று.

உலகத்தில் இன்று மிஞ்சியிருக்கும் ஒரே பெருங்கோமகன் (கிராண்ட் டியூக்) நாடு இது. நெதர்லாந்து மன்னரே இங்கேயும் பெருங்கோமகனாக இருந்தார். 1890-இல் மூன்றாம் வில்லியம் மறைந்தபோது மகள் வில்ஹெல்மினாதான் வாரிசு. நெதர்லாந்து அந்தப் பத்து வயதுப் பெண்ணை அரசியாக்கிற்று. லக்சம்பர்கிலோ ஆண் வாரிசு விதி இருந்ததால் நசாவ் குடும்பத்தின் வேறொரு கிளைக்குப் போயிற்று. பார்லேயின் அதே நசாவ்தான். அதற்கு முன்பே 1839-இல் நாட்டின் மேற்குப் பகுதி பெல்ஜியத்துக்குப் போய்விட்டது. அங்கே அதன் பெயரும் லக்சம்பர்க் மாகாணம்தான். பரப்பு சுமார் 4,440 சதுர கிலோமீட்டர். நாடான லக்சம்பர்கோ 2,586.

மாலையில் நிலையத்தில் நின்று பார்த்தேன். பிரான்சுக்கும் ஜெர்மனிக்கும் பெல்ஜியத்துக்கும் வீடு திரும்பும் கூட்டம். இரண்டு லட்சத்துக்கும் அதிகமானவர்கள் பக்கத்து நாட்டிலிருந்து தினமும் இங்கே வேலைக்கு வந்து போகிறார்கள். கழுத்தில் அலுவலக அட்டை, கையில் ரொட்டிப் பொட்டலம். தாம்பரத்தில் இறங்குகிற மாதிரி இன்னொரு நாட்டில் இறங்கிக்கொள்கிறார்கள்.

ஐந்தாம் நாள்: ஷெங்கன் (12 அக்டோபர், சனி)

ஐரோப்பா வர விசா எடுத்தவர்கள் எல்லாருக்கும் இந்தப் பெயர் தெரியும். என் பாஸ்போர்ட்டில் ஒட்டிய தாளிலும் இருக்கிறது. அது ஒரு கிராமம் என்று எத்தனை பேருக்குத் தெரியும்? மோசல் ஆற்றங்கரையில் திராட்சைச் சரிவுக்கும் தண்ணீருக்கும் நடுவே சில தெருக்கள், அவ்வளவுதான். இலவச பஸ்ஸில் ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆனது. இலைகள் பழுத்துக் குன்று முழுக்க மஞ்சளாக இருந்தது.

எதிர்க்கரை பெர்ல், ஜெர்மனி. கொஞ்சம் தெற்கே அபாக், பிரான்ஸ். மூன்று நாடும் சேரும் புள்ளி ஆற்றுக்குள் இருக்கிறது, கல் நட முடியாது. ஆற்றிலும் ஒரு விசேஷம் உண்டு. லக்சம்பர்குக்கும் ஜெர்மனிக்கும் இடையே ஓடும் மோசல் பாதிப் பாதியாகப் பிரிக்கப்படவில்லை. கரையிலிருந்து கரைவரை முழுத் தண்ணீரும் இருவருக்கும் பொது. இதுவும் அதே 1816-ஆம் வருடத்து நெதர்லாந்து–பிரஷ்யா எல்லை ஏற்பாட்டில் வந்தது. மோரஸ்நேயில் சுரங்கத்துக்குப் போட்ட முடிச்சின் தங்கை இது. அது போய்விட்டது, இது இன்னும் இருக்கிறது.

1984-இல் எல்லைச் சாவடிகளில் நாள்கணக்கில் காத்துக் கிடந்த லாரிக்காரர்கள் சாலைகளை மறித்தார்கள். அந்த ஜூலையிலேயே பிரான்சும் ஜெர்மனியும் தங்களுக்குள் சோதனையைக் குறைக்க ஒப்புக்கொண்டன. பெல்ஜியம், நெதர்லாந்து, லக்சம்பர்க் மூன்றும் நாங்களும் வருகிறோம் என்றன. 1985 ஜூன் 14 அன்று இந்தக் கரையில் நின்ற ‘பிரின்செஸ் மாரி-ஆஸ்ட்ரிட்’ என்ற பயணிகள் கப்பலில் ஐந்து நாடுகளும் கையெழுத்துப் போட்டன. அப்போது ஐரோப்பியச் சமூகத்தில் பத்து நாடுகள், பாதிதான் வந்தன. பெரிய தலைவர்கள் வரவில்லை, இணையமைச்சர் அளவில் ஆள் அனுப்பினார்கள். எல்லைச் சோதனை நிஜமாக நின்றுபோனது 1995 மார்ச் 26-இல். பார்லேயின் கடைசி மனைக்குத் தீர்ப்பு வந்ததும் அதே வருடம்தான். கோட்டைச் சரியாக வரைந்து முடிப்பதும் அதைத் தாண்ட விடுவதும் ஒன்றாக நடந்திருக்கின்றன.

கரையில் பெர்லின் சுவரின் துண்டுகளை நிறுத்தி வைத்திருக்கிறார்கள். பக்கத்தில் ஒரு தாத்தாவும் பேத்தியும் ரொட்டி பிய்த்து வாத்துக்குப் போட்டுக்கொண்டிருந்தார்கள். பெர்ல் நிலையத்தில் ரயில் பிடிக்கலாம் என்று பாலத்தில் நடந்தேன். நடுவில் நின்று கீழே பார்த்தேன். ஒரு சரக்குப் படகு இரண்டு நாட்டுத் தண்ணீரில் போய்க்கொண்டிருந்தது.

பாலம் முடிந்து ஊருக்குள் நுழையும் இடத்தில் போலீஸ் வேன் நின்றது. கடந்த மாதம் 16-ஆம் தேதி முதல் ஜெர்மனி தன் எல்லா நில எல்லைகளிலும் தற்காலிகச் சோதனை வைத்திருக்கிறது. முன்னால் போன கார்களில் ஒன்றை ஓரம் கட்டினார்கள். இளம் போலீஸ்காரர் ஒருவர் என்னைப் பார்த்து மரியாதையாகப் பாஸ்போர்ட் கேட்டார். இந்த ஐந்து நாளில் எத்தனையோ தடவை எல்லை தாண்டியிருக்கிறேன், எங்கேயும் யாரும் கேட்கவில்லை. கைப்பையில் அடியில் இருந்ததைத் தேடி எடுக்கக் கொஞ்சம் நேரமானது. அவர் பக்கம் பக்கமாகப் புரட்டி விசாத்தாளைக் கண்டுபிடித்து, தேதியைப் பார்த்துவிட்டுத் திருப்பித் தந்தார். தாளில் அச்சடித்திருந்த ஊர் அவருடைய தோளுக்குப் பின்னால், ஆற்றுக்கு அந்தப் பக்கம், வெயிலில் தெரிந்தது. பாஸ்போர்ட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டு நிலையத்துக்கு நடந்தேன். ரயிலுக்கு இன்னும் நாற்பது நிமிடம் இருந்தது.